நாலு விரற்கடை

உப்போடைப்பட்டியில் யாரைப் பிடித்து வயசு என்னவென்று கேட்டாலும் பெற்ற தாயைக் கைகாட்ட மாட்டார்கள், பள்ளிக்கூடத்தைத்தான் கைகாட்டுவார்கள். ஏனென்றால் அந்த ஊரில் பிள்ளையைப் பெறுவது தாய் என்றாலும் பிறந்த தேதியைக் கொடுப்பது பள்ளிக்கூடம். நூறு வருஷத்துக்கு ரெண்டே வருஷம் பாக்கி இருக்கிற பள்ளிக்கூடம் அது. வாகைமரத்து நிழலில் மணலைப் பரப்பி இருபத்து மூன்று பிள்ளைகளோடு ஆரம்பித்து, பிறகு ஓலைக்கொட்டகையாகி, ஒரு பங்குனியில் கொட்டகை எரிந்து, ஓட்டுக் கட்டடமாகி, ஓடு சரிந்து, கடைசியில் ரெண்டு காங்கிரீட் அறையாகி நிற்கிறது. வாகைமரம் மட்டும் இருந்த இடத்திலேயே இருக்கிறது. அந்த மரத்தடியில் வருஷா வருஷம் ஜூன் மாதம் பள்ளி திறக்கிற அன்று கொட்டுமேளத்தோடு காது தொடுவார்கள். பிள்ளை தன் வலது கையைத் தலைக்கு மேலே வளைத்து இடது காதைத் தொட வேண்டும். தொட்டுவிட்டால் அதற்கு அஞ்சு வயசு, பேரை எழுது, ஜூன் ஒண்ணு என்று பிறந்த தேதியைப் போடு. தொடாவிட்டால், "எட்டலை, அடுத்த வருஷம் வா." அவ்வளவுதான் சட்டம். இப்படித் தேதி கொடுத்துக் கொடுத்தே பால்பண்ணைக்காரனைவிட அவன் தம்பி ஒரு வயசு மூத்தவனாகி, ஒருத்தி தன் தாய்மாமனுக்கு அக்காளாகி, ஊர் பூராவும் ஒரே நாளில் பிறந்த ஊராகிப் போனது.

இப்போதெல்லாம் ஆஸ்பத்திரியிலேயே நிமிஷக் கணக்கோடு பிறப்புச் சான்றிதழ் வந்துவிடுகிறது. காது தொடச் சொல்லி எந்த அரசாங்கமும் கேட்கவில்லை. ஊர் கேட்டால்தானே! மாப்பிள்ளை பார்க்க வருகிறவர்கள் "பையன் எந்த வருஷம் காது தொட்டான்?" என்றுதான் விசாரிப்பார்கள். ஊர்க்கூட்டத்தில் ஒருத்தன் வாயைத் திறந்தால், "நீ மொதல்ல மரத்தடியில காது தொட்டவனா?" என்று கேட்டு, ஆமென்றால்தான் மேற்கொண்டு பேச விடுவார்கள்.

அந்தப் பள்ளிக்கூடத்துக்குத்தான் கத்தி வந்தது. ஏப்ரல் மாதத்து வெயிலில் கல்வி அதிகாரி ஜீப்பில் வந்து இறங்கி, பெஞ்சுகளை எண்ணினார், பிள்ளைகளை எண்ணினார், தலைமையாசிரியை ஆவுடைத்தங்கத்தைப் பார்த்து நல்ல தன்மையாகவே சொன்னார்: "இருக்கது ஒம்பது பிள்ளைக டீச்சர். ஜூன் முப்பதுக்குள்ள ஒண்ணாப்புல புதுசா பத்துப் பேரைச் சேத்துக் காட்டுங்க. இல்லைன்னா ரோட்டுக்கு அந்தப் பக்கத்துப் பள்ளியோட இணைச்சிருவாக. எங்கையில ஒண்ணுமில்லை."

ரோடு என்றால் நாலுவழிச் சாலை. மேய்ந்துவிட்டு வரப் போன ஆடே வீடு திரும்பாத ரோடு. அதை அஞ்சு வயசுப் பிள்ளை பையைத் தூக்கிக்கொண்டு காலையும் மாலையும் தாண்ட விடுவதா என்று ஆவுடைத்தங்கம் அன்றைக்கே செருப்பை மாட்டினாள். அவள் வீடு வீடாக ஏறி இறங்கினாள். ஊரில் அந்த வயசில் சரியாகப் பதினொரு பிள்ளைகள். வெளியூர் இங்கிலீஷ் பள்ளியின் மஞ்சள் வேன் ஒவ்வொரு வாசலிலும் ஹாரன் அடித்துக்கொண்டிருந்த காலம் அது, ஆனாலும் பதினொரு தாய்மாரும், "பெரிய டீச்சர் கேட்டு இல்லைன்னு சொல்லுவோமா? சங்கரலிங்கம் வாத்தியார் மகளாச்சே" என்று வாக்குக் கொடுத்தார்கள்.

சங்கரலிங்கம் வாத்தியார் அவளுடைய அப்பா. முப்பத்தொரு வருஷம் அந்தப் பள்ளிக்குத் தலைமையாசிரியர். ஊர் முகப்பில் சிமெண்ட் வளைவு அவர் பேரில் நிற்கிறது. ஆபீஸ் அறையில் அவர் படம் சந்தனமாலையோடு தொங்குகிறது, படத்துக்குக் கீழே ஒரு கண்ணாடிப் பெட்டியில் அவருடைய பிரம்பை வைத்திருக்கிறார்கள். பரீட்சைக்குப் போகிற பிள்ளைகள் அந்தப் பெட்டியைத் தொட்டுக் கும்பிட்டுவிட்டுத்தான் போகும்.

பள்ளி திறந்த அன்று மேளம் கொட்டியது, மிட்டாய் வந்தது, மொத்த ஊரும் மரத்தடியில் கூடியது. முதலில் இசக்கியம்மாளின் மகள் தர்ஷினி வந்து நின்றாள். வலது கையைத் தூக்கினாள், தலைக்கு மேலே வளைத்தாள், விரல்களை நீட்டினாள். விரல் காதுக்குப் போய்ச் சேரவில்லை.

"டீச்சர், காது தள்ளித் தள்ளிப் போவுது" என்றாள்.

எல்லோரும் சிரித்தார்கள். அடுத்த பிள்ளைக்கும் எட்டவில்லை. அதற்கடுத்த பிள்ளை ஆறு வயசு முடிந்த நெடும்பயல், கையே முழங்கால் வரைக்கும் தொங்கும், அவனுக்கும் எட்டவில்லை. பதினொரு பிள்ளைக்கும் எட்டவில்லை. ஒவ்வொன்றுக்கும் அதனதன் விரலால் அளந்தால் சரியாக நாலு விரற்கடை குறைந்தது. பெற்றோர் சங்கத் தலைவர் செண்பகராமன், வாத்தியாரிடம் படித்து வாத்தியாருக்கு வளைவு கட்டிய மனுஷன், "சொல்லிக் குடுக்கத் தெரியலை ஒங்களுக்கு, இந்தா இப்படித்தாம்ல" என்று தன் கையைத் தூக்கி வளைத்துக் காட்டினார். அவருக்கும் எட்டவில்லை. மேளக்காரன் குச்சியைக் கீழே வைத்துவிட்டுத் தொட்டுப் பார்த்தான், இசக்கியம்மாள் தொட்டுப் பார்த்தாள், கூட்டம் முழுக்கக் கையைத் தலைக்கு மேலே தூக்கி நின்றது. ஒருத்தருக்கும் எட்டவில்லை. மேலே குயில் மட்டும் கூவிக்கொண்டிருந்தது.

என்ன ஏது என்று அலசுவதற்கு உப்போடைப்பட்டிக்காரர்களுக்கு நேரம் ஏது, பருத்திக்காட்டில் களை கிடக்கிறது. கை எட்டவில்லை, சரி, எட்டாத கையோடு பிழைக்க வேண்டியதுதான் என்று இறங்கிவிட்டார்கள். கிராம நர்ஸ் டேப்பைக் கொண்டுவந்து கையை அளந்தாள், தலையை அளந்தாள். கை குறையவுமில்லை, தலை பெருக்கவுமில்லை, எல்லாம் இருந்த அளவுதான். வெளியூர் மருமகன் ஒருத்தன் இந்தக் கூத்தைக் கேலி பண்ணிக்கொண்டே வந்து ஓடைப்பாலத்தைத் தாண்டி ஊருக்குள் கால் வைத்த மாத்திரத்தில் அவனுக்கும் நாலு விரற்கடை குறைந்துபோய், பாலத்துக்கு அந்தப் பக்கம் போய்த் தொட்டு, இந்தப் பக்கம் வந்து தவறவிட்டு, பொழுது சாயும் வரை போய்ப் போய் வந்துகொண்டிருந்தான். பெரிய சங்கடம் பிள்ளையார் கோயிலில்தான் வந்தது. தோப்புக்கரணம் போட வேண்டுமென்றால் வலது கை இடது காதையும் இடது கை வலது காதையும் பிடிக்க வேண்டுமே, எங்கே பிடிக்க? ரெண்டு நாள் பிள்ளையார் சும்மா இருந்தார். மூன்றாம் நாள் பூசாரியே ஒரு வழி சொன்னார்: எதிரும் புதிருமாக ரெண்டு பேர் நின்று, உன் காதை நான் பிடிக்க, என் காதை நீ பிடிக்க, சேர்ந்து உட்கார்ந்து சேர்ந்து எழும்ப வேண்டியது. அப்புறம் கேட்கவா வேணும்! பதினேழு வருஷமாகப் பேசிக்கொள்ளாத ஓரகத்திகள் கையில் சிக்கிய காதை லேசில் விடாமல் முறுக்க, புருஷன் காதைப் பிடிக்கக் கிடைத்த சாக்கை ஒரு பெண்ணும் தவறவிடாமல் தினம் கோயிலுக்குக் கிளம்ப, அந்த வருஷம்போல பிள்ளையாருக்குக் கூட்டம் எந்த வருஷமும் வந்ததில்லை.

ஊர் பழகிக்கொண்டது. பள்ளிக்கூடம் என்ன செய்யும்?

ஆவுடைத்தங்கம் மறுபடியும் வீடு வீடாக ஏறினாள். "காது தொடாட்டா என்ன, சான்றிதழ் இருக்கு, நான் சும்மா பேரை எழுதிக்கிடுதேன்" என்று கெஞ்சினாள்.

"பள்ளிக்கூடமே வேண்டாங்குது டீச்சர்" என்றாள் இசக்கியம்மாள். "கை எட்டாத பிள்ளையை எழுதுனா நாளைக்கு ஊர்க்கூட்டத்துல இது பேச்சு எடுபடுமா? எவன் கட்டிக்கிடுவான்? ஒங்களுக்கென்ன, எழுதிட்டுப் போயிருவீக."

டீச்சர் விடவில்லை. பதிவேட்டைத் தூக்கிக்கொண்டு பதினொரு பிள்ளைகளையும் ஓடைப்பாலத்துக்கு அந்தப் பக்கம் கூட்டிப்போய் நிறுத்தினாள். பதினொன்றும் அழகாகக் காதைத் தொட்டன. தாய்மார் முகம் மலரவில்லை. "பாலத்துல எட்டுச்சுன்னா பாலத்துலயே படிக்கட்டும்" என்று சொல்லிப் பிள்ளைகளை இழுத்துக்கொண்டு போனார்கள். ஜூன் இருபதாம் தேதி, மூன்று பிள்ளைகள் கழுத்தில் டை கட்டி மஞ்சள் வேனில் ஏறின. மீதி எட்டு. எட்டை வைத்துக்கொண்டு பத்து எப்படிக் காட்டுவது? அன்றைக்கு அவள் சாப்பாட்டுத் தூக்கைத் திறக்கவே இல்லை.

வீட்டுக் கண்ணாடி முன்னால் நின்று அவளும் கையைத் தூக்கிப் பார்த்துக்கொண்டுதான் இருந்தாள். நாலு விரற்கடை. மற்றவர்களுக்கு அது புதுசு. ஆவுடைத்தங்கத்துக்கு அந்த அளவு ஐம்பத்து மூணு வருஷமாகத் தெரியும்.

எழுபத்தொண்ணாம் வருஷத்து ஜூனில் அவளுக்கு நிஜமான வயசு நாலு. வாத்தியார் மகள், அடம்பிடித்து வரிசையில் நின்றாள். அன்றைக்கும் அவளுக்குச் சரியாக நாலு விரற்கடை குறைந்தது. அப்பா சுற்றுமுற்றும் பார்த்துவிட்டு, உள்ளங்கையை அவள் தலையில் வைத்து, ஆசீர்வாதம் பண்ணுகிற மாதிரி மெல்ல வலது பக்கம் சாய்த்துவிட்டார். காது மேலே வந்து விரலில் பட்டது. "எட்டிருச்சு, எழுது" என்றார். அவளுக்கு அடுத்து நின்றது காலனியிலிருந்து வந்த வேலுத்தாய். அந்த மே மாதம்தான் வேலுத்தாயின் அப்பா, "எங்க பிள்ளைகளுக்கும் அதே பானையில தண்ணி குடுக்கணும்" என்று கலெக்டருக்கு மனுப் போட்டிருந்தார். வேலுத்தாய் கையைத் தூக்கினாள். வாத்தியார் அவளைக் கையால் தொடவில்லை, பிரம்பை எடுத்து அவளுடைய வலது தோளில் வைத்து அழுத்தினார். தோளை அழுத்தினால் எந்தப் பிள்ளைக்கு எட்டும்? "எட்டலை, அடுத்த வருஷம் வா." அந்தப் பிள்ளை வாத்தியாரைப் பார்க்கவில்லை, பக்கத்தில் மிட்டாயோடு நின்ற ஆவுடைத்தங்கத்தைப் பார்த்தது. அடுத்த ஜூனில் வந்தது, பிரம்பு தோளில் இருந்தது. அதற்கடுத்த ஜூனிலும் வந்தது. காலனியிலிருந்து கூட வந்த மற்ற பிள்ளைகள் பெற்றவர்களோடு செங்கல் சூளைக்குப் போய்விட்டன, இது மட்டும் வந்தது. நாலாம் ஜூனில் வாத்தியார் சொன்னார்: "வயசு கூடிப்போச்சு. இனி ஒண்ணாப்புல ஒக்கார முடியாது."

ஆவுடைத்தங்கம் ஒவ்வொரு ஜூனிலும் ஜன்னல் வழியாகப் பார்த்துக்கொண்டிருந்தாள். யாரிடமும் சொன்னதில்லை. அப்பா இருந்தவரை பயம், அப்பா போனபிறகு வளைவு கட்டிவிட்டார்கள். ஒரு வார்த்தை சொன்னால் தன் பேர், படிப்பு, உத்தியோகம் எல்லாவற்றுக்கும் அஸ்திவாரமே ஆடிப்போகும் என்று அவளுக்குத் தெரியும். சொல்லாமல் இருப்பதும் பழகிப்போகும், கை எட்டாமல் இருப்பது ஊருக்குப் பழகிப்போனதைப் போல.

வேலுத்தாய் ஊரைவிட்டு எங்கும் போகவில்லை. காலனியில்தான் இருக்கிறாள், டி.வி.எஸ் வண்டியில் பின்னால் கூடை கட்டிச் சுற்றுவட்டாரம் பூராவும் கருவாடு விற்கிறாள். பள்ளிக்கூடத்து வாசல் வந்தால் மட்டும் அந்தப் பக்கம் முகத்தைத் திருப்பாமல் வண்டியை முறுக்குவாள். ஜூன் முப்பதாம் தேதி காலையில் வளைவுக்குப் பக்கத்து டீக்கடையில் வண்டியை நிறுத்தி, ஹெல்மெட்டைக் கழற்றி, இடது கையில் டீ கிளாஸ் இருந்தபடியால், வலது கையைத் தலைக்கு மேலே போட்டு இடது காதை நன்றாகச் சொறிந்தாள்.

டீக்கடை முழுக்கப் பார்த்துக்கொண்டிருந்தது.

அரை மணி நேரத்தில் செய்தி எட்டுத் தெருவும் சுற்றி வந்தது. ஊருக்கே எட்டாதது அவளுக்கு எட்டுகிறதென்றால் அவள்தான் என்னமோ செய்து வைத்திருக்கிறாள் என்று ஒருத்தன் சொல்ல, போன அமாவாசைக்கு அவள் ஓடைப்பக்கம் நின்றதைப் பார்த்தேன் என்று இன்னொருத்தன் சொல்ல, ஆம்பிளைகள் வண்டியைச் சுற்றி வளைத்தார்கள். கூடை கவிழ்ந்து நெத்திலிக் கருவாடு ரோடெல்லாம் சிதறியது, நாய்கள் கூடிவிட்டன. ஆவுடைத்தங்கம் பள்ளிக்கூடத்திலிருந்து சத்தத்தைக் கேட்டாள். மாலை நாலு மணிக்கு அதிகாரி வருகிறார், மேசையில் வெறும் பதிவேடு கிடக்கிறது. அவள் எழுந்து பீரோவைத் திறந்து, எழுபத்தொண்ணாம் வருஷத்துச் சேர்க்கைப் பதிவேட்டை உருவிக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு ஓடினாள்.

"ஏட்டி, ஊருக்கு என்ன செஞ்ச? எடுத்துரு, மரியாதையா எடுத்துரு" என்று செண்பகராமன் கத்திக்கொண்டிருந்தார்.

"நான் என்னத்தை வச்சேன் எடுக்கதுக்கு?" என்றாள் வேலுத்தாய். "எங்கை, எங்காது, நான் தொடுதேன். ஒங்களுக்கு எட்டலைன்னா ஒங்க வாத்தியாரைப் போய்க் கேளுங்க."

"வாத்தியாரைப் பேசுதியா நீ? கையை ஒடிச்சா எல்லாம் சரியாப் போவும்" என்று ஒருத்தன் அவள் வலது மணிக்கட்டைப் பிடித்து முறுக்கினான். அவள் பல்லைக் கடித்துக்கொண்டு நின்றாள்.

"விடுல கையை!" ஆவுடைத்தங்கத்தின் குரல் அவளுக்கே புதுசாக இருந்தது. "அவ ஒண்ணும் செய்யலை. செஞ்சது எங்கப்பா."

நடுரோட்டில் பதிவேட்டை விரித்துப் பிடித்துக்கொண்டு சொல்ல ஆரம்பித்தாள். தலையைச் சாய்த்ததைச் சொன்னாள், பிரம்பைச் சொன்னாள், பானையைச் சொன்னாள், மூணு ஜூனையும் ஒண்ணுவிடாமல் சொன்னாள். வியர்வையில் பதிவேட்டின் அட்டை ஒட்டியது. செண்பகராமன்தான், "டீச்சர், செத்த மனுஷனைப் பத்தி நாக்குல நரம்பில்லாமப் பேசாதீக. அவருதான் எங்களுக்குத் தெய்வம்" என்றார், அவருக்குக் கண் கலங்கிவிட்டது.

"எனக்கும் தெய்வந்தான் அண்ணாச்சி" என்றாள் ஆவுடைத்தங்கம். "அதான் இத்தனை நாள் வாயைத் திறக்கலை. ஊருக்கே குறையுத நாலு விரல் எவ்வளவுன்னு அளந்து பாத்தீகளே, அது என் நாலு விரல். இந்தா, பதினாலாம் நம்பர். பொய்யா எழுதுன பேரு."

சொல்லிவிட்டு வேலுத்தாயின் பக்கம் திரும்பினாள். "வா, மரத்தடிக்கு வா. இந்த இடத்துல ஒம் பேரை எழுதுதேன்."

வேலுத்தாய் உட்கார்ந்து கருவாட்டைப் பொறுக்கிக் கூடையில் போட்டுக்கொண்டிருந்தாள். நிமிரவே இல்லை. "ஒங்க பள்ளிக்கூடம் மூடப்போவுது, அதுக்காக வந்திருக்கீக" என்றாள்.

"ஆமா" என்றாள் டீச்சர். "அதுக்காகத்தான் வந்தேன். இல்லைன்னா இன்னும் சொல்லியிருக்க மாட்டேன்."

அந்தப் பதில்தான் வேலுத்தாயை எழுப்பியது என்று பிற்பாடு ஊரில் பேசிக்கொண்டார்கள். அவள் வண்டியை உருட்டிக்கொண்டு பள்ளிக்கூட வாசல் வரை வந்தாள், ஊர் பின்னாலேயே வந்தது. வாசலுக்கு வெளியே நின்றுவிட்டாள். "அந்தக் கம்பு எங்கே?"

செண்பகராமன் தடுக்கக் கையை நீட்டினார், நீட்டிய கையை அப்படியே கீழே போட்டுவிட்டார். ஆவுடைத்தங்கம் கண்ணாடிப் பெட்டியைத் திறந்து பிரம்பைக் கொண்டுவந்து கொடுத்தாள். வேலுத்தாய் அதைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். பிறகு வாசலைத் தாண்டி உள்ளே வந்து, டீச்சரின் வலது தோளில் அதை வைத்தாள்.

"இப்ப தொடுங்க."

டீச்சர் கையைத் தூக்கினாள். தலைக்கு மேலே வளைத்து எட்டினமட்டும் எட்டினாள். நாலு விரற்கடை.

"நான் அழுத்தவே இல்லை டீச்சர்" என்றாள் வேலுத்தாய். "சும்மாதான் வச்சிருக்கேன்."

வேலுத்தாய் பிரம்பை எடுத்துக் வாசலில் நின்ற வண்டியின் கூடைக் கயிற்றில் செருகிவிட்டு மரத்தடிக்கு நடந்தாள். ஐம்பத்தெட்டு வயசுக்காரி, கருவாட்டு வாசத்தோடு, அஞ்சு வயசுப் பிள்ளைகள் நிற்கிற இடத்தில் போய் நின்று, வலது கையைத் தலைக்கு மேலே போட்டு இடது காதைத் தொட்டாள். அட்டையில் "அடித்தல் திருத்தல் கூடாது" என்று போட்டிருக்கிற அந்தப் பதிவேட்டில், வேலைக்கே உலை வைக்கிற காரியம் என்று தெரிந்தே, ஆவுடைத்தங்கம் பதினாலாம் நம்பரில் தன் பேரைக் குறுக்கே கோடிழுத்து அடித்து, மேலே வேலுத்தாய் என்று எழுதினாள். பழக்கதோஷத்தில் பிறந்த தேதிக் கட்டத்தில் ஜூன் ஒண்ணு என்று எழுதப்போனாள்.

"அது வேண்டாம்" என்றாள் வேலுத்தாய். "நான் பொறந்த அன்னைக்கு உப்போடை கரை பெரண்டு ஊருக்குள்ள தண்ணி வந்துச்சாம், எங்கம்மா சொல்லுவா. பள்ளிக்கூடத்துக்கு அன்னைக்கு லீவு விட்டிருப்பாகல்ல? நாளேட்டுல இருக்கும். பாத்து எழுதுங்க."

பள்ளிக்கூடத்து நாளேடு ஆரம்பித்த நாளிலிருந்து பத்திரமாக இருக்கிறது. தேடினாள். அறுபத்தஞ்சாம் வருஷம் நவம்பர் பன்னிரண்டு: 'ஓடையில் பெருவெள்ளம். பள்ளிக்கு விடுமுறை. காலனியில் ஒரு பெண் குழந்தை பிறந்ததாகத் தகவல்.' அப்பாவின் அழகான குண்டு குண்டுக் கையெழுத்து. எழுபத்தொண்ணு ஜூனில் இந்தப் பிள்ளைக்கு அஞ்சு வயசும் ஏழு மாதமும் ஆகியிருந்தது அவருக்குத் தெரியும், எழுதியதே அவர்தான். ஆவுடைத்தங்கத்துக்கு அப்போதுதான் அழுகை வந்தது. தேதியைப் பார்த்து எழுதினாள், எழுத்து கோணியது.

"டீச்சர், காது வந்துருச்சு" என்று தர்ஷினி கத்தினாள்.

எட்டுப் பிள்ளைகளுக்கும் எட்டியது. மேளக்காரன் வீட்டுக்கு ஓடி மேளத்தை எடுத்துவந்தான். செண்பகராமன் ஓரமாகத் திரும்பி நின்று தொட்டுப் பார்த்துக்கொண்டார், அவருக்கும் எட்டியது. ஆனால் எட்டு எட்டுத்தானே! நாலு மணிக்கு அதிகாரி வந்து உட்கார்ந்து பேனாவைத் திறந்துவிட்டார். எட்டுப் பேரை எண்ணினார், கைக்கடிகாரத்தைப் பார்த்தார், "அஞ்சு மணிக்கு நான் கிளம்பியாகணும் டீச்சர்" என்றார். நாலே முக்கால் ஆயிற்று. நாலு அம்பதும் ஆயிற்று. மஞ்சள் வேன் நாலுவழிச் சாலையில் திரும்பி, பாலத்தைத் தாண்டி, வழக்கத்துக்குப் பத்து நிமிஷம் தாமதமாக வந்து வளைவில் நின்றது. மூன்று தாய்மாரும் டையோடு ஷூவோடு பிள்ளைகளை அப்படியே இடுப்பில் அள்ளிக்கொண்டு ஓடிவந்து மரத்தடியில் இறக்கினார்கள். ஒன்பது, பத்து, பதினொன்று. அதிகாரி கையெழுத்துப் போட்டார். கோடிழுத்த பழைய பதிவேடு மேசையிலேயே விரித்துக் கிடந்தது. அவர் அதைப் பார்த்தாரா, பார்த்தும் பார்க்காத மாதிரி மூடிவைத்தாரா, அது அவருக்குத்தான் வெளிச்சம்.

கூட்டம் கலைகிற நேரத்தில் ஆவுடைத்தங்கம் மரத்தடியில் தனியாக நின்று தன் கையைத் தூக்கிப் பார்த்தாள். ஊருக்கெல்லாம் எட்டிவிட்டது, அவளுக்கு மட்டும் அதே நாலு விரற்கடை. பேரும் அடிபட்டாயிற்று, இனி ஊர்க்கூட்டத்தில் அவள் வாய் திறந்தால் காது தொட்டவளா என்று கேட்கலாம். வேலுத்தாய் வண்டியை உதைத்துக் கிளப்பிக்கொண்டே அவளைப் பார்த்தாள்.

"எட்டலை" என்றாள். "அடுத்த வருஷம் வாங்க."

பள்ளிக்கூடம் இருக்கிறது. தோப்புக்கரணத்தை அவரவர் காதைப் பிடித்தே போடுகிறார்கள், பிள்ளையாருக்குக் கூட்டம் குறைந்துவிட்டது. கண்ணாடிப் பெட்டி காலியாக இருக்கிறது. அதில் என்ன வைப்பது என்று ஊர் இன்னும் முடிவு பண்ணவில்லை. அடுத்த ஜூனில் காது தொடுகிற அன்று பதினாலு பிள்ளைகள் வரிசையில் நின்றன. பதினாலுக்கும் பேர் எழுதி முடித்த பிறகு, பெரிய டீச்சர் பேனாவை மூடி வைத்துவிட்டுப் போய் வரிசையின் கடைசியில் நின்றாள். பிள்ளைகள் சிரித்தன, பெரியவர்கள் சிரிக்கவில்லை. செண்பகராமன் மேளத்தை நிறுத்தச் சொன்னார். வாசலில் டி.வி.எஸ் வண்டி வந்து நின்றது. வேலுத்தாய் இறங்கி வந்து டீச்சரின் எதிரில் நின்றாள். டீச்சர் கையைத் தூக்கி வளைத்தாள். வேலுத்தாய் தன் விரல்களை ஒவ்வொன்றாக அந்த விரலுக்கும் காதுக்கும் நடுவில் வைத்து அளந்தாள்; ஒண்ணு, ரெண்டு, மூணு. நாலாவது விரலுக்கு இடமில்லை. மறுபடியும் வைத்துப் பார்த்தாள்.

"மூணு" என்றாள். "அடுத்த வருஷம் வாங்க டீச்சர்."